கணக்கில் இரண்டு கதவுகள்

ஆகஸ்டு, செப்டம்பர் மாதங்கள் வந்துவிட்டால், பத்தாம் வகுப்புப் பிள்ளை இருக்கும் தில்லித் தமிழ் வீடுகளில் ஒரே பேச்சுதான். பொதுத்தேர்வுக்குப் பெயர் அனுப்பும் படிவத்தில் கணக்குப் பாடத்துக்கு நேரே எந்த எண்ணைக் குறிப்பது? 041 என்றால் ஸ்டாண்டர்ட்; 241 என்றால் பேசிக். பார்த்தால் மூன்றே இலக்கம். ஆனால் பிள்ளை பிற்பாடு எந்தப் படிப்புக்குப் போகலாம், எதற்குப் போக முடியாது என்பதில் பாதியை அந்த மூன்று இலக்கம் தீர்மானித்துவிடுகிறது. 2019-லிருந்து நான் இதைப் பார்த்து வருகிறேன்.

தில்லிப் பள்ளிகளில் 33 ஆண்டுகள் கணக்கு சொல்லிக்கொடுத்துவிட்டு 2018-இல் ஓய்வு பெற்றவள் நான். ஓய்வு பெற்ற பிறகும் கணக்கு என்னை விடவில்லை. அக்கம்பக்கத்துப் பிள்ளைகள் மாலை வேளைகளில் நோட்டுப் புத்தகத்துடன் வருகிறார்கள். அவர்களுக்குப் பின்னால் பெற்றோர் வருகிறார்கள். பிள்ளைகள் கேட்பது திரிகோணமிதி, பெற்றோர் கேட்பது "பேசிக்கா, ஸ்டாண்டர்டா, டீச்சர்?" இதில் திரிகோணமிதிதான் சுலபம்!

நம் சங்கத்து வாசகர்களில் பலருக்கு இந்த விஷயம் அரைகுறையாகத்தான் தெரிந்திருக்கிறது. பள்ளிக்கூடம் சொன்னதைக் கேட்டுக் கையெழுத்துப் போட்டுவிட்டு, இரண்டு வருஷம் கழித்து, "முன்னமே தெரிந்திருந்தால்..." என்று வருந்துகிறவர்களைக் கண்டிருக்கிறேன். அதனால்தான் இந்தக் கட்டுரை.

இரண்டு தாள், ஒரே புத்தகம்

2019 ஜனவரியில் சி.பி.எஸ்.இ. ஒரு சுற்றறிக்கை விட்டது. 2020-ஆம் ஆண்டுப் பொதுத்தேர்வு முதல் பத்தாம் வகுப்புக் கணக்குக்கு இரண்டு நிலைகளில் வினாத்தாள் இருக்கும். மேலே கணக்குப் படிக்க விரும்புகிறவர்கள் ஸ்டாண்டர்ட் எழுதலாம், அந்த விருப்பம் இல்லாதவர்கள் பேசிக் எழுதலாம் என்பதே அதன் சாரம்.

இதில் பலர் தவறாகப் புரிந்துகொள்ளும் ஒன்று உண்டு. பேசிக் என்றால் பாடம் குறைவு என்று நினைக்கிறார்கள். அப்படியில்லை. புத்தகம் ஒன்றே, பாடத்திட்டம் ஒன்றே, வகுப்பில் நடத்துவதும் ஒன்றே. பள்ளியிலேயே போடும் 20 மதிப்பெண்ணும் ஒரே மாதிரிதான். 80 மதிப்பெண்ணுக்கான வினாத்தாள் மட்டுமே வேறு. ஒன்பதாம் வகுப்பில் இந்தப் பிரிவு கிடையாது.

வித்தியாசம் எப்படிப்பட்டது என்று ஓர் உதாரணம் சொல்கிறேன். ஒரு கோபுரத்திலிருந்து 30 மீட்டர் தள்ளி நின்று அண்ணாந்து பார்த்தால் உச்சி 30 பாகைக் கோணத்தில் தெரிகிறது. கோபுரத்தின் உயரம் என்ன? இது பேசிக் தாளுக்கு ஏற்ற கேள்வி. ஒரு படம், ஒரு சூத்திரம், ஒரு விடை: ஏறக்குறைய 17.3 மீட்டர். இதையே சற்றுத் திருப்புவோம். கோபுரத்தின் உச்சியில் ஒருவர் நிற்கிறார். நேர் சாலையில் சீரான வேகத்தில் ஒரு வண்டி கோபுரத்தை நோக்கி வருகிறது. கீழே பார்க்கும் கோணம் 30 பாகையிலிருந்து 60 பாகையாக மாற 12 நிமிஷம் ஆயிற்று. வண்டி கோபுரத்தின் அடிக்கு வந்து சேர இன்னும் எத்தனை நிமிஷம்? கோபுரத்தின் உயரமும் கொடுக்கவில்லை, வண்டியின் வேகமும் கொடுக்கவில்லை. இரண்டும் தெரியாமலேயே 6 நிமிஷம் என்று விடை வருகிறது. இது ஸ்டாண்டர்ட் தாளுக்கு ஏற்ற கேள்வி. முதலாவதற்குச் சூத்திரம் நினைவிருந்தால் போதும். இரண்டாவதற்குக் கொஞ்சம் துணிச்சலும் வேண்டும்.

புதிய யோசனை அல்ல

இந்தப் பிரிவு நேற்று முளைத்தது போலச் சிலர் பேசுகிறார்கள். நம் ஊர்ப் பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள். பழைய எஸ்.எஸ்.எல்.சி. காலத்தில் ஜெனரல் மேத்ஸ், காம்போசிட் மேத்ஸ் என்று இரண்டு இருந்தன. எங்கள் வீட்டில் அண்ணா காம்போசிட், அக்கா ஜெனரல். அக்காவுக்குக் கணக்கு வராமல் இல்லை. மளிகைக் கடைச் சீட்டை மனத்திலேயே கூட்டி, கடைக்காரரின் தப்பைச் சுட்டிக்காட்டுகிறவள். ஆனால் "பொண்ணுக்கு ஜெனரல் போதும்" என்று தாத்தா சொன்னார். அதற்கு மேல் பேச்சில்லை. அண்ணா பி.யூ.சி.யில் கணிதப் பிரிவில் சேர்ந்து இன்ஜினீயர் ஆனார். அக்காவுக்கு அந்தப் பக்கமே திறக்கவில்லை. இன்று எழுபத்தைந்தைத் தாண்டியும் அக்கா தினமும் சுடோகு போடுகிறாள், பேனாவால், அழிக்காமல்!

அதன்பின் 1964 முதல் 1966 வரை டாக்டர் டி.எஸ். கோத்தாரி தலைமையில் அமைந்த கல்விக் குழு, முதல் பத்தாண்டுப் படிப்பில் கணிதமும் அறிவியலும் எல்லோருக்கும் கட்டாயம் இருக்க வேண்டும் என்று பரிந்துரைத்தது. பத்து, இரண்டு, மூன்று என்ற கல்வி அமைப்புக்கும் அதுவே அடிப்படை. ஆணா பெண்ணா, கிராமமா நகரமா என்று பாராமல் எல்லோருக்கும் ஒரே கணக்கு என்பது அந்தக் காலத்தில் பெரிய சமத்துவம். என்னைப் போன்ற பெண்கள் கணக்கு ஆசிரியைகளாக முடிந்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

ஆனால் கட்டாயத்துக்கும் ஒரு விலை இருந்தது. கணக்கு என்றாலே வயிற்றைக் கலக்கும் பிள்ளைகள் ஆயிரம் ஆயிரம். எல்லாப் பாடத்திலும் தேறி, கணக்கில் மட்டும் தவறி, பத்தாம் வகுப்போடு படிப்பை விட்டவர்கள் எத்தனை பேர்! 2005-ஆம் ஆண்டின் தேசியக் கலைத்திட்டக் கட்டமைப்புக்காகக் கணிதக் கல்வியை ஆராய ஒரு குழு அமைந்தது. அதற்குத் தலைமை தாங்கியவர் சென்னைக் கணித அறிவியல் நிறுவனத்தைச் சேர்ந்த பேராசிரியர் ஆர். ராமானுஜம் என்பது நமக்குப் பெருமை. பிள்ளைகளின் பயத்தையும் தோல்வி உணர்வையும் அந்தக் குழு முதல் பிரச்சினையாகவே எடுத்துக்கொண்டது. சூத்திரங்களை மனப்பாடம் செய்வதைவிடப் பிள்ளையின் சிந்தனையே கணித வழியில் பழக வேண்டும் என்பதை நோக்கமாக வைத்தது. தேர்வை இரண்டு நிலைகளில் வைக்கலாம் என்ற யோசனையும் அந்தக் காலத்துக் கலைத்திட்ட விவாதங்களிலிருந்து வந்ததுதான். 2020-இன் தேசியக் கல்விக் கொள்கையும், கணிதத்தில் தொடங்கி எல்லாப் பாடங்களையும் இரண்டு நிலைகளில் தரலாம் என்று சொல்லியிருக்கிறது.

ஆக, நோக்கம் நல்லது. பயம் குறைய வேண்டும், ஒரு பாடத்தால் ஒரு பிள்ளையின் படிப்பு நின்றுபோகக் கூடாது. சிக்கல் அடுத்த படியில்தான் வருகிறது.

பதினொன்றாம் வகுப்பின் வாசலில்

முதலில் வந்த விதிப்படி, பேசிக் எழுதித் தேறியவர் பதினொன்றாம் வகுப்பில் கணிதம் எடுக்க விரும்பினால், மறுதேர்வு நேரத்தில் ஸ்டாண்டர்ட் தாளை எழுதித் தேற வேண்டும். கொரோனா வந்ததும் 2020-இல் வாரியம் அதைத் தளர்த்தியது. பிற்பாடும், பேசிக் எழுதிய மாணவருக்குத் திறமையும் ஆர்வமும் இருக்கிறதா என்று பள்ளித் தலைமை பார்த்து முடிவு செய்து அனுமதிக்கலாம் என்ற வழி இருந்தது. இந்த விதிகள் ஆண்டுக்கு ஆண்டு மாறுபவை. எனவே போன வருஷம் பக்கத்து வீட்டுப் பையனுக்கு நடந்ததை வைத்து இந்த வருஷம் முடிவு செய்யாதீர்கள்.

பதினொன்றாம் வகுப்பிலும் கணக்கு இரண்டு விதம். ஒன்று வழக்கமான கணிதம். மற்றது 2020-21 கல்வியாண்டில் விருப்பப் பாடமாக வந்த அப்ளைடு மேத்ஸ். இது வணிகம், பொருளாதாரம், சமூக அறிவியல் பக்கம் போகிறவர்களை மனத்தில் வைத்து அமைத்தது. வட்டி, கடன் தவணை, புள்ளியியல் போன்றவை இதில் உண்டு. இரண்டையும் சேர்த்து எடுக்க முடியாது. பொறியியல் போகிறவர்களுக்கு வழக்கமான கணிதமே வேண்டும்.

இனி, எந்த வாசலில் எந்தக் கணக்கைக் கேட்கிறார்கள் என்று பார்ப்போம்.

பொறியியலுக்கான ஜே.இ.இ. மெயின் தேர்வில் மூன்றில் ஒரு பங்கு கணிதம். 2021-இல் தொழில்நுட்பக் கல்விக் குழுவான ஏ.ஐ.சி.டி.இ. தன் கையேட்டில் பொறியியலுக்குக் கணிதமும் இயற்பியலும் கட்டாயமில்லை என்பது போல எழுதப்போக, நாடெங்கும் சர்ச்சை கிளம்பியது. பிறகு விளக்கங்கள் வந்தன. அதைக் கேள்விப்பட்டு, "இப்பல்லாம் இன்ஜினீயரிங்குக்குக் கணக்கு வேண்டாமாமே" என்று என்னிடம் வந்தவர்கள் உண்டு. அதை நம்பாதீர்கள். பெரிய கல்லூரிகளின் வாசலில் கணக்கு நின்றுகொண்டுதான் இருக்கிறது.

பிள்ளையைத் தமிழ்நாட்டுக்கு அனுப்பி அண்ணா பல்கலைக்கழகக் கல்லூரிகளில் படிக்கவைக்கலாம் என்று நம்மில் பலர் நினைக்கிறோம். அங்கே 2007-லிருந்து நுழைவுத் தேர்வு இல்லை. பன்னிரண்டாம் வகுப்பு மதிப்பெண்தான். 200-க்குப் போடும் கட்-ஆஃபில் கணிதத்துக்கு 100, இயற்பியலுக்கு 50, வேதியியலுக்கு 50. பாதி கணக்கு!

தில்லிப் பல்கலைக்கழகத்தில் பொருளாதார ஆனர்ஸ் படிக்கப் பன்னிரண்டாம் வகுப்பில் கணக்கு எடுத்திருக்க வேண்டும். இதில் 2019-இல் ஒரு சம்பவம் நடந்தது. மதிப்பெண் கூட்டும் 'சிறந்த நான்கு' பாடங்களில் கணிதமும் ஒன்றாக இருந்தே தீர வேண்டும் என்று, சேர்க்கை தொடங்கும் நேரத்தில் பல்கலைக்கழகம் விதியை மாற்றியது. விஷயம் தில்லி உயர் நீதிமன்றத்துக்குப் போயிற்று. கடைசி நேரத்தில் விதியை மாற்றுவது முறையல்ல என்று நீதிமன்றம் பழைய விதிப்படியே சேர்க்கை நடத்தச் சொன்னது. நீதிமன்றம் வரை போகும் அளவுக்குக் கணக்கு மதிப்பெண் ஒரு வாசற்படியாக இருக்கிறது என்பதை இதிலிருந்து தெரிந்துகொள்ளலாம்.

சார்ட்டர்ட் அக்கவுண்டன்ட் ஆகப் பன்னிரண்டாம் வகுப்பில் கணக்கு கட்டாயமில்லை. ஆனால் ஃபவுண்டேஷன் தேர்வில் வணிகக் கணிதம், தர்க்கம், புள்ளியியல் சேர்ந்த ஒரு தாள் காத்திருக்கும். ராணுவத்துக்கான என்.டி.ஏ. எழுத்துத் தேர்வில் மொத்தம் 900 மதிப்பெண். அதில் 300 கணிதம். தரைப்படைக்குப் போகிறேன் என்றாலும் அந்தத் தாளை எழுதித்தான் ஆக வேண்டும். சட்டப் படிப்புக்கான கிளாட் தேர்விலும், வங்கித் தேர்வுகளிலும், ஐ.ஏ.எஸ். முதல்நிலைத் தேர்வின் இரண்டாம் தாளிலும் கணக்கு உண்டு. ஆனால் அவற்றில் கேட்பது பெரும்பாலும் பத்தாம் வகுப்பு அளவிலானது. சதவீதம், விகிதம், அட்டவணை பார்த்துச் சொல்வது இவைதாம். மருத்துவத்துக்கான நீட் தேர்வில் கணிதத் தாள் இல்லை.

இதைப் பார்த்தால் ஒன்று புரியும். உயர்கணிதம் உண்மையிலேயே தேவைப்படும் படிப்புகள் சில. பத்தாம் வகுப்புக் கணக்கு நன்றாகத் தெரிந்தால் போதும் என்கிற படிப்புகள் பல. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்வதால்தான் வீடுகளில் சண்டை.

மூன்று பிள்ளைகள்

நான் நேரில் கண்ட மூன்று பிள்ளைகளைப் பற்றிச் சொல்கிறேன். பெயர்கள் வேண்டாம்.

முதலாவது, எங்கள் குடியிருப்பில் இருக்கும் ஒரு பெண். அப்பா மத்திய அரசு அலுவலகத்தில் வேலை பார்க்கிறார். ஒன்பதாம் வகுப்பில் அவள் கணக்கில் வாங்கியது 61. பத்தாம் வகுப்பில் 70-க்குக் கீழே வாங்கியவர்கள் எல்லோரும் பேசிக்தான் எழுத வேண்டும் என்று பள்ளியில் சொல்லிவிட்டார்கள். வாரியம் அப்படி எந்த மதிப்பெண் வரம்பும் வைக்கவில்லை. பள்ளியின் தேர்ச்சி விகிதமும் சராசரியும் பளபளப்பாக இருக்க வேண்டும் என்ற கவலைதான். வீட்டிலும் "பொண்ணுதானே, ரிஸ்க் எதுக்கு?" என்றார்கள். அவளுடைய தம்பிக்கு மறு வருஷம் 58 வந்தபோது அதே வீட்டில் "டியூஷன் வைச்சு ஸ்டாண்டர்டே எழுதட்டும்" என்றார்கள் என்பதையும் இங்கே பதிவு செய்கிறேன்.

அந்தப் பெண் பேசிக்கில் 94 வாங்கினாள். பொருளாதாரம் படிக்க ஆசைப்பட்டுப் பதினொன்றாம் வகுப்பில் கணக்கு கேட்டாள். வாரியமே விதியைத் தளர்த்தியிருந்த வருஷம் அது. ஆனாலும் பள்ளி ஒப்பவில்லை. பேசிக் பிள்ளைகளுக்குக் கணிதம் தருவதில்லை என்பது எங்கள் வழக்கம் என்றார்கள். அவளுடைய அம்மா மூன்று பள்ளிகளில் ஏறி இறங்கினார். நான்காவது பள்ளி ஒரு சிறு தேர்வு வைத்துப் பார்த்து இடம் தந்தது. முதல் ஆறு மாதம் அந்தப் பெண் அழாத நாள் இல்லை. தினமும் மாலை என் வீட்டில்தான் இருப்பாள். பிறகு நிமிர்ந்துவிட்டாள். இன்று பொருளாதார ஆனர்ஸ் இரண்டாம் ஆண்டு. ஏறி இறங்க ஓர் அம்மா இருந்ததால் அவளுக்குக் கதவு திறந்தது. அப்படி ஒருவர் இல்லாத பிள்ளைகள்?

இரண்டாவது ஒரு பையன். அழகாகப் படம் வரைவான், கணக்கு வேப்பங்காய். அப்பா ஒரு தனியார் கம்பெனியில் பெரிய பதவி. ஸ்டாண்டர்ட், பிறகு கணிதப் பிரிவு, பிறகு ஐ.ஐ.டி. கோச்சிங் என்று பிள்ளையின் எதிர்காலம் முழுவதையும் அப்பா அட்டவணை போட்டுவிட்டார். "ஊர்ல அண்ணன் பையன் ஐ.ஐ.டி., டீச்சர். இவன் டிராயிங் போடறான்னு நான் எப்படிச் சொல்வேன்?" என்று என்னிடம் கேட்டார். பன்னிரண்டாம் வகுப்பில் பையன் கணக்கில் தவறினான். ஒரு வருஷம் போயிற்று. அந்த ஒரு வருஷம் அவன் யாரிடமும் பேசவில்லை என்பதுதான் எனக்கு வலித்தது. இப்போது டிசைன் படிக்கிறான், சிரிக்கவும் செய்கிறான்.

மூன்றாவது பையனின் அம்மா எங்கள் பக்கத்தில் நான்கு வீடுகளில் வேலை செய்கிறார். விழுப்புரம் பக்கத்திலிருந்து வந்த குடும்பம். ஜங்புராவில் இருந்த மதராசி கேம்ப்பில் குடியிருந்தார்கள். 2025 ஜூனில் அந்தக் குடிசைகள் இடிக்கப்பட்டதும் நெடுந்தொலைவு நரேலாவுக்குப் போனவர்களில் இவர்களும் உண்டு. பையன் பத்தாம் வகுப்பு எழுதியது அதற்கு முன்பு. வீட்டில் படித்தவர் யாருமில்லை. பின்னங்களிலேயே தடுமாறுவான். ஸ்டாண்டர்ட் எழுதியிருந்தால் நிச்சயம் தேறியிருக்க மாட்டான். பேசிக் எழுதி 52 வாங்கித் தேறினான். ஐ.டி.ஐ.யில் எலக்ட்ரீஷியன் படிப்பில் சேர்ந்தான். அவனுக்குப் பேசிக் ஒரு பாலம். அந்தப் பாலம் இல்லாவிட்டால் அவன் படிப்பு அங்கேயே நின்றிருக்கும். எனவே பேசிக் என்றாலே மட்டம் என்று முகம் சுளிப்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை.

ஒரே விதி. ஒருவனைக் கரையேற்றியது, ஒருத்தியின் வழியை மறித்தது. கவனித்துப் பார்த்தால், விதியைவிட அதைப் பள்ளியும் வீடும் பயன்படுத்திய விதம்தான் வித்தியாசத்துக்குக் காரணம்.

அமெரிக்காவிலும் இதே கதை

நம் வாசகர்களில் பலருக்கு அமெரிக்காவில் பேரன் பேத்திகள் இருக்கிறார்கள். அங்கே பள்ளிப் படிப்பு முடிந்ததையே 'கிராஜுவேஷன்' என்று கொண்டாடுகிறார்கள். அதற்கு எத்தனை ஆண்டு கணக்குப் படித்திருக்க வேண்டும் என்பதை ஒவ்வொரு மாநிலமும் தனித்தனியாகத் தீர்மானிக்கிறது. அங்கே தகராறெல்லாம் 'அல்ஜீப்ரா-2' என்ற பாடத்தின் மேல்தான்.

டெக்ஸஸ் மாநிலம் 2006-இல் நான்கு ஆண்டுக் கணிதம் வேண்டும் என்று கடுமையாக்கியது. 2013-இல் அந்த மாநிலச் சட்டமன்றமே விதியைத் தளர்த்தி, பள்ளிச் சான்றிதழுக்கு அல்ஜீப்ரா-2 எல்லோருக்கும் கட்டாயமில்லை என்றது. ஆனால் வகுப்பில் முன்னணியில் நிற்கும் மாணவருக்கு மாநிலப் பல்கலைக்கழகத்தில் தானாகவே இடம் கிடைக்கும் திட்டம் ஒன்று அங்கே உண்டு. அதற்குத் தகுதி பெற அல்ஜீப்ரா-2 வேண்டும். கலிஃபோர்னியாவில் மாநிலச் சட்டம் பள்ளி முடிக்க இரண்டு ஆண்டுக் கணிதம் போதும் என்கிறது. கலிஃபோர்னியாப் பல்கலைக்கழகமோ குறைந்தது மூன்று ஆண்டு கேட்கிறது. அல்ஜீப்ரா-2-க்குப் பதிலாக டேட்டா சயன்ஸ் படித்தால் போதுமா என்று அங்கே பெரிய வாதம் நடந்தது. 2023-இல் பல்கலைக்கழகத்தின் ஆசிரியர் குழு போதாது என்று சொல்லிவிட்டது.

பாருங்கள், அங்கும் இதேதான். பள்ளியை விட்டு வெளியே வரும் வாசல் அகலமாகிவிட்டது. கல்லூரிக்குள் போகும் வாசல் அப்படியே இருக்கிறது. இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொள்வது, விவரம் தெரியாத வீட்டுப் பிள்ளை.

எல்லோருக்கும் எவ்வளவு கணக்கு?

கால்குலஸ் எல்லோருக்கும் வேண்டுமா என்று கேட்டால், ஆயுள் முழுவதும் அதைக் கற்பித்த நானே வேண்டாம் என்றுதான் சொல்வேன். ஆனால் சில கணக்குகள் எல்லோருக்கும் வேண்டும். ஒரு கணக்குப் பாருங்கள். வண்டி வாங்க 3 லட்சம் ரூபாய் கடன். "ஃப்ளாட் ரேட் 8 சதவீதம்தான் சார், மூணு வருஷம்" என்கிறார் விற்பனையாளர். வருஷத்துக்கு 24,000, மூன்று வருஷத்துக்கு 72,000. மொத்தம் 3,72,000-ஐ 36 மாதத்தால் வகுத்தால் தவணை 10,333 ரூபாய். சரிதானே என்று தோன்றும். ஆனால் மாதாமாதம் அசலும் குறைந்துகொண்டே வருகிறது. கடைசி மாதம் நம் கையில் இருக்கும் கடன் பத்தாயிரம்தான். வட்டி மட்டும் 3 லட்சத்துக்கே வாங்கப்படுகிறது. குறையும் அசலுக்குக் கணக்குப் போட்டால் உண்மையான வட்டி ஏறத்தாழ 14.5 சதவீதம்! நன்கு படித்து உத்தியோகம் பார்க்கிறவர்களே இதில் ஏமாறுகிறார்கள். பேசிக் எழுதினாலும் ஸ்டாண்டர்ட் எழுதினாலும் இந்தக் கணக்குத் தெரியாமல் ஒரு பிள்ளை பள்ளியை விட்டு வெளியே வரக் கூடாது என்பது என் கட்சி.

அதே சமயம், பதினான்கு வயதுப் பிள்ளையிடம் "நீ வாழ்நாளில் உயர்கணிதம் படிப்பாயா, மாட்டாயா?" என்று கேட்டுக் கதவைச் சாத்துவதும் நியாயமல்ல. தேர்வு எளிதாக இருக்கலாம்; திரும்பி வரும் வழி அடைபடக் கூடாது. கணக்கு சிலருக்குத் தாமதமாகத்தான் புரியும். பதினோராம் வகுப்பில் திடீரென்று வெளிச்சம் வந்தவர்களை நான் ஒவ்வொரு வருஷமும் பார்த்திருக்கிறேன்.

பெற்றோருக்குச் சில வார்த்தைகள்

1. ஒன்பதாம் வகுப்பு மதிப்பெண்ணை மட்டும் வைத்து முடிவு செய்யாதீர்கள். வாரியத்தின் மாதிரி வினாத்தாள்கள் இணையத்திலேயே கிடைக்கின்றன. ஸ்டாண்டர்ட் தாள் ஒன்றை எடுத்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை மூன்று மணி நேரம் பிள்ளையைத் தனியாக எழுதவிடுங்கள். ஆகஸ்டு மாதத்தில், நடத்தி முடித்த பாடங்களில் பாதி மதிப்பெண் வந்தாலே ஸ்டாண்டர்டுக்குத் தயங்க வேண்டாம். மீதிக்கு இன்னும் ஆறு மாதம் இருக்கிறது.

2. மேலே என்ன படிப்பது என்று பிள்ளைக்கே தெரியவில்லையா? அப்படியானால் ஸ்டாண்டர்ட். கதவைத் திறந்து வைத்துவிட்டுப் போகாமல் இருக்கலாம்; சாத்திவிட்டுத் திறப்பதுதான் கஷ்டம்.

3. பேசிக் எழுதத் தீர்மானித்தால், படிவத்தில் கையெழுத்திடும் முன்பே, பதினொன்றாம் வகுப்பில் கணிதமோ அப்ளைடு மேத்ஸோ எடுக்க உங்கள் பள்ளி அனுமதிக்குமா என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். வாய்வார்த்தை போதாது. பட்டியல் போன பிறகு மாற்றுவது கடினம்.

4. அந்த ஆண்டுக்கான வாரியத்தின் சுற்றறிக்கையை நீங்களே படியுங்கள். 2026 முதல் பத்தாம் வகுப்புக்கு ஆண்டில் இரண்டு தேர்வு என்று வந்திருக்கிறது. முதல் தேர்வு எல்லோருக்கும். மூன்று பாடங்கள் வரை மதிப்பெண்ணை உயர்த்திக்கொள்ள மே மாதத்தில் இரண்டாவது. ஒரு தேர்வில் சறுக்கிவிடுவோமோ என்ற பயத்தால் மட்டும் பேசிக் பக்கம் ஒதுங்க வேண்டிய அவசியம் இதனால் குறைந்திருக்கிறது.

5. மகனுக்கு ஒரு நியாயம், மகளுக்கு ஒரு நியாயம் வேண்டாம். 61 வாங்கிய பெண்ணும் 58 வாங்கிய பையனும் ஒரே தராசில் நிற்கட்டும்.

6. பிள்ளைக்கு உண்மையிலேயே கணக்கு வேண்டாம் என்றால், அதையும் மரியாதையோடு ஏற்றுக்கொள்ளுங்கள். கணக்கு வராத பிள்ளை அறிவில்லாத பிள்ளை அல்ல.

கடைசியாக, நம் சமூகத்திடம் ஒரு வேண்டுகோள். தில்லியில் நம்மவர்களில் ஓய்வு பெற்ற தணிக்கை அதிகாரிகள், இன்ஜினீயர்கள், வங்கி மேலாளர்கள், ஆசிரியர்கள் நிறையப் பேர் இருக்கிறோம். காலையில் நடைப்பயிற்சி, மாலையில் கோயில், நடுவில் தொலைக்காட்சி என்று நாள் போகிறது. வாரத்தில் இரண்டு மணி நேரம் ஒதுக்கி, வீட்டில் சொல்லிக்கொடுக்க ஆளில்லாத இரண்டு பிள்ளைகளோடு உட்கார்ந்தால் போதும். பின்னத்தில் தடுமாறுகிறவனுக்குப் பின்னத்திலிருந்து தொடங்குங்கள், கோபப்படாதீர்கள். நரேலாவிலிருந்து வர அவர்களுக்குப் பஸ் கட்டணம் ஆகும். முடிந்தால் நாம் அங்கே போவோம். எனக்கு ஞாயிற்றுக்கிழமை காலை சௌகரியம். காரில் இன்னும் மூன்று பேருக்கு இடமிருக்கிறது.